பெயர் கேட்காத ஓடம்

ஜனவரி 9

தங்கைக்கு,

போதுமான காலம் பேசாமல் இருந்துவிட்டேன். அப்பா போய் ஆறு வாரம் ஆகிறது. இந்த ஆறு வாரமும் நீ கூப்பிட்டபோதெல்லாம் நான் தொலைபேசியை எடுக்கவில்லை. எடுத்தால் நீ அழுவாய், நான் கத்துவேன், கடைசியில் எதுவும் பேசி முடிந்திருக்காது. காகிதத்தில் யாரும் குறுக்கே பேச முடியாது. இனி எதுவானாலும் கடிதத்தில் எழுது.

நான் நலம்தான். வயிற்றெரிச்சல் மட்டும் பழையபடி. உன் தோள்வலியும் மாப்பிள்ளையின் சர்க்கரையும் எந்த நிலையில் இருக்கின்றன என்று தெரிவி.

அப்பாவை எடுத்துப்போன அன்று வந்தவர்கள் பதினோரு பேர். எண்ணினேன். அதில் இரண்டு பேர் வண்டி ஓட்டி வந்தவர்கள். முப்பத்துநான்கு வருடம் தலைமையாசிரியராக இருந்தவர். அவரிடம் அடி வாங்கியவர்களில் ஒருவன்கூட, ஆள் போய்விட்டாரா என்று உறுதி செய்துகொள்ளக்கூட வரவில்லை. அது எனக்கு ஆச்சரியமில்லை. நீ மூலையில் உட்கார்ந்து கைபேசியைப் பார்த்துக்கொண்டிருந்ததுதான் ஆச்சரியம். என்ன பார்க்கிறாய் என்று கேட்டேன். "கரை முழுக்க நிக்கிறாங்கண்ணா. நாலாயிரம் பேருக்கு மேல. எல்லாரும் விளக்கை அணைச்சுட்டு நிக்கிறாங்க" என்றாய். திரையில் ஒரு ஆற்றங்கரை. அதில் விரல் நகம் அளவு பொம்மைகள். எல்லாம் அப்பாவுக்காக நின்றுகொண்டிருந்தன.

ஓய்வுபெற்ற பிறகு, கடைசி ஒன்பது வருடம் தினமும் காலை பத்து மணிக்கு அவர் கதவைச் சாத்திக்கொண்டு என்ன செய்தார் என்பது அன்றுதான் எனக்குத் தெரிந்தது. வாழ்க்கை வரலாறு எழுதுகிறார் என்று நினைத்திருந்தேன். அதில் என்னைப் பற்றி என்ன எழுதியிருப்பார் என்றுகூட யோசித்திருக்கிறேன். மனிதர் வீடியோ கேம் விளையாடிக்கொண்டிருந்திருக்கிறார்.

உனக்குத் தெரிந்திருந்தது. நீயும் அதில் இருந்தாய். எனக்குச் சொல்ல ஒருவருக்கும் தோன்றவில்லை.

அந்தக் கணினியை எனக்கு அனுப்பிவை. வீட்டுச் சாமான்களை நீயே வைத்துக்கொள். இது மட்டும் வேண்டும். மூத்தவன் கேட்கிறேன்.

இப்படிக்கு,
உன் அண்ணன்


ஜனவரி 21

அன்புள்ள அண்ணாவுக்கு,

உங்கள் கையெழுத்தைப் பார்த்து எத்தனை வருடம் ஆகிறது. தோள் பரவாயில்லை. அவருக்குச் சர்க்கரை கட்டுக்குள் இருக்கிறது. வெறும் வயிற்றில் காப்பி குடிப்பதை விட்டுவிட்டீர்களா?

உங்களிடம் மறைக்க வேண்டும் என்று நான் நினைக்கவில்லை. அப்பாதான் சொல்ல வேண்டாம் என்றார். "அவன் சிரிப்பாம்மா" என்றார். நீங்கள் சிரித்துவிடுவீர்களோ என்று அவர் பயந்தார். அவர் பயந்து நான் பார்த்தது அது ஒன்றுதான்.

அந்த உலகத்துக்குள் புதிதாக வருகிற எல்லோரும் ஒரே இடத்தில்தான் கண் விழிப்பார்கள், ஆற்றின் இந்தக் கரையில். முதுகில் மூட்டை, கையில் விளக்கு. வீடு, வேலை, ஊர் எல்லாம் அக்கரையில். தண்ணீரில் விழுந்தால் மூட்டை போய்விடும். ஒருவர் தள்ளி விழுந்தால், தள்ளியவருக்கு அந்த மூட்டை சேரும். விளையாட்டைச் செய்த நிறுவனமே அப்படித்தான் வைத்திருக்கிறது. தள்ளுவது அதில் குற்றமில்லை, சாமர்த்தியம்.

அப்பாவை மூன்று தடவை தள்ளினார்களாம். நான்காவது தடவை அக்கரை சேர்ந்ததும் அவர் ஊருக்குள் போகவில்லை. மரம் வெட்டி ஓடம் செய்துகொண்டு இக்கரைக்குத் திரும்பினார். அதற்குப் பிறகு வேறெதுவும் விளையாடவில்லை. ஏற்றுவார், இறக்குவார். எதுவும் வாங்கமாட்டார். பெயர் கேட்கமாட்டார். அங்கே தலைக்கு மேல் பெயர் எழுதியிருக்காது, அவரவர் சொன்னால்தான் தெரியும். ஏன் கேட்பதில்லை என்று ஒரு நாள் கேட்டேன். "பேர் தெரிஞ்சா திட்ட வந்துடும்மா. முப்பத்துநாலு வருஷப் பழக்கம்" என்றார்.

அவரைப் பார்த்து இன்னும் சிலர் ஓடம் விட்டார்கள். துறைக்கு ஒரு சபை வந்தது. ஆற்றில் யாரையும் தள்ளக் கூடாது என்பது இன்று அங்கே எழுதாத சட்டம். தள்ளினால் இப்போதும் மூட்டை கிடைக்கும். ஆனாலும் யாரும் தள்ளுவதில்லை, அவ்வளவுதான்.

நான் என்ன செய்கிறேன் என்று கேட்பீர்கள். கரையில் நிற்கிறேன். கால் தவறி விழுந்து வருகிறவர்களுக்குத் துண்டு கொடுக்கிறேன். விளையாட்டில் துண்டால் ஒரு பயனும் இல்லை. ஆனாலும் வாங்கிக்கொள்கிறார்கள். மெதுவாக வந்து சேர்வதால் எனக்கு அங்கே நத்தை என்று பெயர்.

அப்பாவின் ஓடம் துறையில் கட்டிக் கிடக்கிறது. புதிதாக வருகிறவர்கள் மற்ற ஓடங்களில் ஏறுமுன் அதன் துடுப்பைத் தொட்டுவிட்டுப் போகிறார்கள். யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை. தானாக வந்த பழக்கம்.

கணினியை நாளை பார்சலில் அனுப்புகிறேன். ஒன்றே ஒன்று கேட்கிறேன். அதைத் திறந்தால் கேள்வி எதுவும் கேட்காமல் நேராக அந்த ஓடத்தில் கொண்டுபோய் நிறுத்தும். ஓடத்தை மட்டும் தொடாதீர்கள்.

உங்கள் அன்புத் தங்கை


பிப்ரவரி 6

தங்கைக்கு,

பார்சல் வந்தது. கீறல் இல்லை. காப்பியை விடவில்லை. உன் வீட்டில் எல்லோரும் சுகம் என்று நம்புகிறேன்.

உன் கடிதத்தை மூன்று முறை படித்தேன். என் வேலை உனக்குத் தெரியும். தத்துவத்தில் இரண்டு பட்டம் வாங்கிவிட்டு, எந்த வண்டி எந்த வண்டியை இடித்தது என்று இருபத்தாறு வருடமாகக் காப்பீட்டு அலுவலகத்தில் விசாரித்துக்கொண்டிருக்கிறேன். நான் வேலை கற்றுக்கொடுத்தவன் இன்று என் மேலாளர். என் விடுப்பு விண்ணப்பத்தில் எழுத்துப்பிழை பார்க்கிறான். இந்த வேலையில் நான் கற்றது ஒன்றுதான். உண்மை சொல்கிறவன் சுருக்கமாகச் சொல்வான். பொய் சொல்கிறவன்தான் அன்று என்ன நிறச் சட்டை போட்டிருந்தான் என்பதுவரை சொல்வான். உன் கடிதம் நீளம். ஆனாலும் நீ பொய் சொல்லவில்லை. அதுதான் எனக்கு எரிகிறது.

எனக்கு ஒன்பது வயது. கால்வாய்ப் படிக்கட்டு. நீச்சல் பழக்குகிறேன் என்று சட்டையோடு தூக்கிப் போட்டார். நீ மேல்படியில் துண்டைப் பிடித்துக்கொண்டு நின்றாய், உனக்கு ஐந்து வயது இருக்கும். இரண்டு முறை உள்ளே போனேன். கத்தினேன். அவர் குனியவில்லை, கை நீட்டவில்லை. நின்ற இடத்திலிருந்து ஒரு வாக்கியம் சொன்னார். அதை இங்கே எழுதமாட்டேன். என் காதில் இருக்கிறது, அது போதும்.

அந்த மனிதர்தான் உங்கள் ஓடக்காரர். முன்பின் தெரியாத ஆயிரக்கணக்கான பேர் அவர் தயவில் நனையாமல் அக்கரை சேர்ந்தார்கள். நனைந்தவன் ஒருவன், அவன் அவர் பிள்ளை. தண்ணீர் ஈரமாக இல்லாத இடத்தில் ஒருவர் கருணையோடு இருந்தார் என்றால் அதற்குப் பெயர் கருணையா? எந்தப் பாடத்திலும் நான் அப்படிப் படிக்கவில்லை. அதற்குச் சபை வேறு, துடுப்பைத் தொட்டுக் கும்பிடுவது வேறு. ஒரு தலைமுறைக்கு நல்லது கெட்டதைக் கற்றுக்கொடுக்கும் வேலையை ஒரு பொம்மை ஆற்றிடம் கொடுத்துவிட்டீர்கள்.

கணினியை இன்னும் பெட்டியிலிருந்து எடுக்கவில்லை.

இப்படிக்கு,
அண்ணன்


மார்ச் 3

அன்புள்ள அண்ணாவுக்கு,

நலம்தானே? நாங்கள் நலம். அப்படித்தான் எழுதத் தொடங்க வேண்டும்.

போன மாதம் இருபத்திரண்டு, ஞாயிற்றுக்கிழமை, மதியம் இரண்டு மணி. அப்பாவின் ஓடத்தில் ஆள் நின்றது. அதே சாம்பல் தொப்பி, அதே வளைந்த முதுகு. கரையில் முப்பது நாற்பது பேர் இருந்தார்கள். ஒருவரும் அசையவில்லை. யாரோ, "வந்துட்டாரு" என்றார். அவ்வளவுதான், எல்லோரும் விளக்கைத் தாழ்த்தினார்கள்.

ஒரு பெண் போய் ஏறினாள். ஓடம் நகர்ந்தது. நடு ஆற்றில் நின்றது. ஓடத்துக்குள் எழுதிப் பேசுவது கரையில் இருப்பவர்களுக்குத் தெரியாது. கொஞ்ச நேரம் அப்படியே நின்றது. பிறகு ஓடக்காரர் அவளைத் தண்ணீரில் தள்ளினார். அவள் மூட்டை அவர் முதுகுக்குப் போனதை அத்தனை பேரும் பார்த்தார்கள். சற்று நேரத்தில் ஆள் மறைந்துவிட்டது.

ஓடம் இன்னும் அங்கேயேதான் நிற்கிறது, நடு ஆற்றில். அதை வேறு யாரும் நகர்த்த முடியாது.

அண்ணா, கணினி உங்களிடம்தானே இருக்கிறது? பழுது பார்க்க யாரிடமாவது கொடுத்தீர்களா? வேறெதுவும் நான் கேட்கவில்லை.

தங்கை


மார்ச் 11

அன்புள்ள தங்கைக்கு,

உன் கடிதம் திங்கட்கிழமை பிற்பகல் கிடைத்தது. நானும் நலம். தோளுக்கு வெந்நீர் ஒத்தடம் கொடுக்கிறாயா?

நீ எழுதியதைப் படித்து மிகவும் வருத்தப்பட்டேன். அந்த ஞாயிற்றுக்கிழமை நான் வீட்டிலேயே இல்லை. காலை ஒன்பதரைக்குக் கிளம்பி, கண்ணாடிக் கடைக்குப் போய், மூக்குக் கண்ணாடியின் இடது திருகைச் சரி செய்துகொண்டேன். பிறகு அலுவலக நண்பர் ஒருவரின் வீட்டுக்குப் போனேன். அவர் மாமியாருக்குக் கண் அறுவை சிகிச்சை நடந்திருந்தது. மூன்றாவது மாடி, மின்தூக்கி வேலை செய்யவில்லை, நடந்துதான் ஏறினேன். பழுப்பு நிறச் சட்டை போட்டிருந்தேன், பொத்தான் ஒன்று விழுந்திருந்தது. வீடு திரும்பியபோது மணி ஐந்தரை. கணினி அட்டைப் பெட்டியிலேயே இருக்கிறது, நீ ஒட்டிய நாடாகூடப் பிரியவில்லை. போதாததற்கு மின்கம்பியையும் காணோம். நீ அனுப்ப மறந்திருப்பாய்.

இந்தக் காலத்தில் எவன் வேண்டுமானாலும் எங்கிருந்து வேண்டுமானாலும் உள்ளே புகுந்துவிடுகிறான். இதற்கெல்லாம் மனசை அலட்டிக்கொள்ளாதே. மாப்பிள்ளையைக் கேட்டதாகச் சொல்.

அன்புடன்,
அண்ணன்


மார்ச் 29

அன்புள்ள அண்ணாவுக்கு,

கடிதம் கிடைத்தது. சட்டையின் நிறம்வரை எழுதியிருக்கிறீர்கள். நன்றி. மின்கம்பியை நான்தான் சுருட்டி, பெட்டியின் ஓரத்தில் சொருகினேன். இருக்கட்டும்.

துறையில் நடப்பதைச் சொல்கிறேன். முதல் வாரம் பயந்தார்கள். ஓடக்காரருக்கு ஏதோ கோபம், நாம் ஏதோ தப்புச் செய்துவிட்டோம் என்று பேச்சுக் கிளம்பியது. அப்புறம் துறையில் பொருள்களைக் கொண்டுவந்து வைக்க ஆரம்பித்தார்கள். விளக்கு, துணி, கத்தி, அவரவர் கையில் இருப்பதில் நல்லது எதுவோ அது. இப்போது அது ஆள் உயரக் குவியல். ஏறுமுன் கரையில் நின்று தன் தப்பை உரக்கச் சொல்ல வேண்டும் என்று ஒரு கூட்டம் புதிதாக முறை வைத்திருக்கிறது. சொல்லத் தப்பு இல்லாதவர்கள் கற்பனை செய்து சொல்கிறார்கள். கேட்கச் சிரிப்பாகத்தான் இருக்கும். சிரிப்பு வரவில்லை.

மூன்றாவது வாரம் ஒருவன் ஒருவரைத் தள்ளினான். சபை வந்த பிறகு தள்ளியவர்களில் அவன் இரண்டாவது ஆள். சபை கூப்பிட்டுக் கேட்டபோது, "ஓடக்காரரே தள்ளினாரு. அவருக்கு மேல நீங்க என்ன பெரியவங்களா?" என்றான். நேற்றோடு பத்தொன்பது பேர் தண்ணீரில் விழுந்திருக்கிறார்கள். எங்களிடம் துண்டு தீர்ந்துவிட்டது.

ஜூன் பதினான்கில் சபை கூடுகிறது. துறைக்கு வைத்த அப்பாவின் பெயரை எடுத்துவிட்டு ஓடத்தை எரித்துவிட வேண்டும், இல்லாவிட்டால் இது நிற்காது என்று பாதிப்பேர் சொல்கிறார்கள். அன்று இருந்தது அப்பா இல்லை, வேறொரு ஆள்தான் என்று தெரிந்தால் எல்லாம் அடங்கிவிடும். ஆனால் அதை அந்த ஆள்தான் சொல்ல வேண்டும். தள்ளப்பட்ட பெண் வாயே திறக்கமாட்டேன் என்கிறாள்.

ஆஸ்பத்திரியில் காது கேட்கிறதா என்று சோதிக்கும் என் வேலை உங்களுக்குத் தெரியும். சத்தம் புகாத சின்ன அறை, காதில் கருவி. சத்தம் கேட்டால் கையைத் தூக்க வேண்டும். கேட்காமலே தூக்குகிறவர்கள் உண்டு. கேட்டும் தூக்காதவர்களும் உண்டு. அவர்களை அவசரப்படுத்தக் கூடாது. மறுபடி மறுபடி அதே சத்தத்தை, கொஞ்சம் கொஞ்சமாகக் கூட்டி, அனுப்பிக்கொண்டே இருக்க வேண்டும்.

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

தங்கை


ஏப்ரல் 14

தங்கைக்கு,

நலம். இங்கே வெயில் தொடங்கிவிட்டது. தோளை அலட்சியப்படுத்தாதே.

நீ எழுதியதை எல்லாம் யோசித்தேன். ஒரு கேள்விக்கு நேராகப் பதில் சொல். யார் நனைந்தார்கள்? யாருக்கு மூச்சு முட்டியது? ஒரு விரல் ஒரு பொத்தானை அழுத்தியது, ஒரு படம் இன்னொரு படத்தின் மேலிருந்து விழுந்தது. விழுந்தவள் வீட்டில் உட்கார்ந்து தண்ணீர் குடித்துக்கொண்டிருந்திருப்பாள். இதில் பாவம் எங்கே வந்தது? விளையாட்டே தள்ளலாம் என்கிறது. கூட்டமாகச் சேர்ந்து கூடாது என்று நீங்களே ஒரு கோடு போட்டுவிட்டு, யாரோ ஒருவன் அதைத் தாண்டியதும் சாமிக்குக் கோபம் என்கிறீர்கள். மனிதர்கள் எப்போதும் இப்படித்தான் சாமிகளைச் செய்திருக்கிறார்கள் என்று ஒரு காலத்தில் நான் பரீட்சையில் எழுதி முதல் மதிப்பெண் வாங்கினேன். அது இவ்வளவு சீக்கிரத்தில், மூன்றே வாரத்தில் நடக்கும் என்று மட்டும் அப்போது எனக்குத் தெரியாது.

அந்த ஓடம் எரிந்தால் என்ன? எரிவதும் படம்தானே. இந்த வாக்கியத்தை எழுதி ஒரு நாள் ஆகிறது. அடிக்கலாமா என்று பார்த்தேன். இருக்கட்டும்.

சும்மா தெரிந்துகொள்ளத்தான் கேட்கிறேன். தள்ளுவதற்கு முன் நடு ஆற்றில் அந்த ஆள் ஏதாவது சொன்னானா? அந்தப் பெண் உன்னிடம் ஏதும் சொல்லியிருக்கிறாளா?

அண்ணன்


மே 4

அண்ணா,

சின்ன வயதில் உன்னை நீ என்றுதான் கூப்பிடுவேன். பெரியவர்கள் திருத்தித்தான் நீங்கள் ஆனது. இந்த ஒரு கடிதத்தைப் பழையபடி எழுதுகிறேன். உடம்பு எப்படி இருக்கிறது என்று கேட்கவில்லை, நீ நன்றாக இல்லை என்று எனக்குத் தெரியும்.

கேட்டதற்குப் பதில். ஆமாம், சொன்னான். "கத்தாதே. கரை எங்கயும் ஓடிப்போயிடாது. நீ வா."

அந்த வாக்கியம் தெரிந்தவர்கள் உலகத்திலேயே மூன்று பேர். ஒருவர் இறந்துவிட்டார். ஒருவன் தண்ணீரில் இருந்தான். இன்னொருத்தி மேல்படியில் துண்டோடு நின்றாள். ஓடத்தில் ஏறியவள் நான்தான்.

சாம்பல் தொப்பியைப் பார்த்ததும் எனக்குப் புத்தி வேலை செய்யவில்லை. ஆஸ்பத்திரியில் அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டிருந்தது நான். அவர் போனதை டாக்டருக்கு முன்னால் பார்த்தது நான். எனக்கே ஒரு நிமிடம் அவர் வந்துவிட்டதாகத் தோன்றியது. ஓடம் நின்றபோதுகூட, ஏதோ சொல்லத்தான் நிறுத்துகிறார் என்று நினைத்தேன். சொல்லாமல் விட்ட ஏதோ ஒன்று.

யார் நனைந்தார்கள் என்று கேட்டாய். நான் அன்று சமையலறை மேசையில் உட்கார்ந்திருந்தேன். தண்ணீர் குடிக்கவில்லை. எழுந்திருக்கவே அரைமணி ஆனது. என் வீட்டுக்காரர் வந்து, "என்னம்மா, மூச்சு வாங்குது?" என்று கேட்டார்.

உன் பெயரை நான் சபையில் சொல்லவில்லை. சொல்லவும் மாட்டேன். கால்வாயில் அப்பா உன்னைப் போட்டபோது நான் அவரை நிறுத்தச் சொல்லிக் கத்தியிருக்கலாம். கத்தவில்லை. எனக்கு அவர் மேல் பயம். அது எனக்குள் இத்தனை வருடம் இருக்கிறது. அங்கே போய் ஏன் துண்டு கொடுக்கிறேன் என்று நீ நினைத்தாய்?

அப்பாவிடம் அந்தக் கால்வாயைப் பற்றி ஒரே ஒரு தடவை கேட்டேன். "அடுத்த ஆளு காத்திருக்கான்" என்று சொல்லித் துடுப்பை எடுத்தார். அவ்வளவுதான். இது மன்னிப்புக் கேட்டது என்று நான் சொல்லமாட்டேன். நடந்ததைச் சொல்கிறேன்.

சபையின் எழுத்தர் நிஜத்தில் பல் செட் செய்கிறவர். காகிதத்தில் வருவதையும் சபையில் படிப்பார். அவர் முகவரியைத் தனித் தாளில் எழுதி இதோடு வைத்திருக்கிறேன். ஜூன் பதினான்கு.

நான் இனி எழுதவில்லை. சத்தத்தை இதற்கு மேல் கூட்ட முடியாது.

தங்கை


மே 20

தங்கைக்கு,

கடிதம் கிடைத்தது. அலுவலகத்தில் வேலை அதிகம். காப்பியை விட்டுவிட்டேன்.

அண்ணன்


ஜூன் 9

துறைச் சபையின் எழுத்தர் அவர்களுக்கு,

வணக்கம். உங்களை எனக்குத் தெரியாது. உடல்நலத்தோடு இருப்பீர்கள் என்று நம்பி எழுதுகிறேன். பதினான்காம் தேதி இதைச் சபையில் படிக்க வேண்டுகிறேன்.

பிப்ரவரி 22 மதியம் இரண்டு மணிக்கு ஓடத்தில் இருந்தவர் உங்கள் ஓடக்காரர் இல்லை. அவர் நவம்பரில் இறந்துவிட்டார். திரும்பி வரவில்லை. அவருக்கு உங்கள் மேல் கோபம் இல்லை, யாரும் தப்பைச் சொல்ல வேண்டியதில்லை, குவித்த பொருள்களை எடுத்துக்கொள்ளலாம். அவர் கணினியைத் திறந்து, அவர் உருவில் நின்று, ஏறிய பெண்ணைத் தள்ளியது நான். கோபம் என்னுடையது. அது அவர் மேல்.

இதற்குச் சாட்சி வேண்டுமென்றால் தள்ளப்பட்டவரிடம் கேளுங்கள். நான் நடு ஆற்றில் எழுதியது, "கத்தாதே. கரை எங்கயும் ஓடிப்போயிடாது. நீ வா" என்பது. அவர் இதுவரை யாரிடமும் இதைச் சொல்லவில்லை. சரிதான் என்பார்.

அவர் யார் என்று தள்ளும்போது எனக்குத் தெரியாது. தள்ளிய பிறகு மூட்டை என்னிடம் வந்தது. பிரித்தேன். ஆறு வெள்ளைத் துண்டுகள், வேறெதுவும் இல்லை. உங்கள் உலகத்தில் துண்டால் ஒரு பயனும் இல்லை என்று எனக்கு முன்பே ஒருவர் எழுதியிருந்தார். கணினியின் மின்கம்பியைச் சுவரிலிருந்து பிடுங்கினேன். அதனால்தான் ஓடம் நடு ஆற்றில் நின்றது. ஆக, யாரைத் தள்ளினேன் என்று அன்று மதியமே எனக்குத் தெரியும். தெரிந்துகொண்டேதான் மூன்று மாதத்துக்கு மேல் பேசாமல் இருந்தேன். அவருக்கு எழுதிய கடிதத்தில் வேறு கதை சொன்னேன்.

யாரும் நனையவில்லை, அதனால் தவறில்லை என்று வாதம் செய்து பார்த்தேன். வாதம் சரியாகத்தான் இருந்தது. அதை வைத்துக்கொண்டு என்னால் ஒரு வேளை நிம்மதியாகச் சாப்பிட முடியவில்லை.

போன சனிக்கிழமை காலை அலுவலகக் கணினியில் புது ஆளாக உங்கள் கரைக்கு வந்தேன். முதுகில் மூட்டை, கையில் விளக்கு. குவியலைப் பார்த்தேன். அதன் அடியில் துடுப்பு வைக்கும் கல் மறைந்துவிட்டது. தப்பைச் சொல்லச் சொன்னார்கள். சொல்லாமல் நகர்ந்தேன். ஓடம் விடுகிறவர்கள் இரண்டே பேர்தான் மிச்சம். அதில் ஒருவர் என்னைப் பார்த்து, "ஓரமா உக்காருங்க, ஆடும்" என்றார். ஏறினேன். நடு ஆறு வரும்வரை என் கை நாற்காலியின் பிடியை விடவில்லை. ஐம்பத்துமூன்று வயது ஆள், அலுவலகத்தில், குளிர்பதன அறையில், சட்டை முதுகோடு ஒட்டிக்கொள்ள உட்கார்ந்திருந்தேன். அவர் எனக்கு முதுகைக் காட்டித் துடுப்புப் போட்டுக்கொண்டிருந்தார். நான் அவரைத் தள்ளலாம். அவரும் என்னைத் தள்ளலாம். இரண்டும் நடக்கவில்லை. அக்கரையில் இறங்கினேன். அவர் எதுவும் கேட்காமல் திரும்பிப் போய்விட்டார். என் மேலாளர் எட்டிப்பார்த்து, உடம்பு சரியில்லையா என்றான். இல்லை என்றேன்.

நேற்று மதியம் ஓடக்காரரின் ஓடம் தானாகக் கரைக்கு வந்து சேர்ந்ததாக உங்களில் சிலர் பேசிக்கொண்டிருக்கலாம். தானாக வரவில்லை. நான்தான் ஓட்டி வந்து கட்டினேன். யாரையும் ஏற்றவில்லை. மூட்டையைத் துடுப்பருகே வைத்திருக்கிறேன். ஆறு துண்டும் இருக்கின்றன. கணினியை இன்று உரியவருக்குப் பார்சலில் அனுப்புகிறேன், மின்கம்பியோடு. இனி அந்த ஓடத்தில் நான் நிற்கமாட்டேன்.

உங்கள் ஓடக்காரரை நான் மன்னித்துவிட்டதாக நினைக்க வேண்டாம். மன்னிக்கவில்லை. அது அவருக்கும் எனக்கும் உள்ளது, அதைத் தீர்க்க அவரும் இல்லை. ஆனால் உங்கள் ஆற்றில் அவர் ஒருவரைக்கூடத் தள்ளவில்லை. அவர் பெயரை எடுக்காதீர்கள். ஓடத்தை எரிக்காதீர்கள். தள்ளினவர்கள் அவரைக் காட்டித் தப்பிக்கவும் விடாதீர்கள், என்னைக் காட்டட்டும்.

என் அலுவலகத்தில் கையெழுத்தில்லாத கடிதங்களைப் படிக்காமல் கிழித்துப்போட வேண்டும் என்பது விதி. இருபத்தாறு வருடத்தில் நான் ஒன்றைக்கூடக் கிழித்ததில்லை. அவற்றைத்தான் முதலில் படிப்பேன். இதன் அடியில் என் பெயரை எழுதப் பேனாவை இரண்டு தடவை வைத்துப் பார்த்தேன். பயத்தினால் எழுதாமல் விடுகிறேன் என்று நீங்கள் நினைக்கலாம். பாதி அதுவும்தான். தெரிய வேண்டிய ஒருவருக்கு இந்தக் கையெழுத்து தெரியும். மற்றவர்களுக்கு, பெயர் கேட்காமல் ஏற்றிக்கொள்வதுதான் உங்கள் துறையின் வழக்கம் என்று கேள்விப்பட்டேன். அதை நம்பி இதை இப்படியே உறையில் போட்டு ஒட்டுகிறேன்.